சாரம்மாளின் பட்டைச் செடி

திருநெல்வேலிச் சீமையிலேயே ஆர்க்கிட் என்னும் அபூர்வப் புஷ்பச் செடியை வீட்டுக்குள் வைத்துப் பேணி, மலையில் மட்டுமே மலர்வதைச் சமவெளியில் மலரவைத்த முதல் மனிதர் பாளையங்கோட்டை தேவசிகாமணி வாத்தியார். இதில் ஊருக்கு இரண்டு கருத்து கிடையாது. இருந்தால் அவரே வீடு தேடி வந்து திருத்திவிடுவார். செடிக்குத் தண்ணீர் காட்டியது, வெயிலுக்கு மறைத்தது, எறும்பு ஏறாமல் பார்த்தது எல்லாம் அவர் மனைவி சாரம்மாள். வாத்தியார் அதைப் பற்றிப் பேசினார்.

சாரம்மாள் இறந்துபோன காலையில், அந்தச் செடியை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு அவர் படுக்கையறை நடுவில் நின்றுகொண்டிருந்தார். ஜன்னலோரம் கிடந்த கட்டிலை அவளோடு சேர்த்து நடுவீட்டுக்குத் தூக்கிப்போக ஆட்கள் வந்திருந்தார்கள். கட்டிலின் தலைமாட்டுக்கு மேலே ஜன்னல் கம்பியில் செடி தொங்கியது. யாரோ அதை அவிழ்த்துப் பக்கத்தில் நின்றவர் கையில் கொடுத்துவிட்டார்கள். பக்கத்தில் நின்றவர் அவர்.

“வழியில நிக்கீயளேப்பா” என்றாள் மகள் சாலோமி. தாய்க்குக் காய்ச்சல் என்று கேட்டு நாசரேத்திலிருந்து வந்தவள். அழுது குரல் கட்டிப்போயிருந்தது. “அதை எங்கனயாவது வச்சிட்டு வந்து உக்காருங்க.”

எங்கே வைப்பது என்று அவருக்குத் தெரியவில்லை. அன்றுவரை அதை அவர் கையில் எடுத்ததே இல்லை.

செடி என்றதும் கேட்டவர்கள் தொட்டியைத் தேடுவார்கள். தொட்டியும் கிடையாது, மண்ணும் கிடையாது. உள்ளங்கை அகலத்தில் ஒரு மரப்பட்டை. அதன்மேல் தையல் நூலால் கட்டிவைத்த ஒரு பச்சைத் திட்டு. உற்றுப் பார்த்தால் அந்தத் திட்டு துவரம்பருப்பு அளவு இலைகளாகப் பிரியும். வேர்கள் நூல்நூலாகப் பட்டையைப் பற்றிக்கொண்டிருக்கும். பெண்கள் பள்ளிக்கூடத்தை நடத்திய பழைய வெள்ளைக்கார மிஸ்ஸியம்மா பாணதீர்த்தம் அருவி பார்க்கப் போன இடத்தில், ஒடிந்து கிடந்த கிளையிலிருந்து உரித்துக்கொண்டு வந்தது. சீமைக்கு ஒரேயடியாகத் திரும்பிப் போனபோது கப்பலில் கொண்டுபோனால் வாடிவிடும் என்று, தன்னிடம் தையல் டீச்சராக இருந்த சாரம்மாளிடம் கொடுத்துவிட்டுப் போனாள். வீட்டில் அதற்குப் பட்டைச் செடி என்று பெயர்.

வாத்தியார் வாயில் கதை வேறாக வளர்ந்தது. முதல் வருஷம் அது மிஸ்ஸியம்மா தந்ததாகத்தான் இருந்தது. அப்புறம் கலெக்டர் பங்களாவிலிருந்து வந்தது. டெல்லியில் சக்கரவர்த்தி முடிசூட்டிக்கொண்டு போன பிறகு, அது இங்கிலாந்து அரண்மனைத் தோட்டத்துச் சந்ததி ஆகிவிட்டது. பூவும் சும்மா இருக்கவில்லை. கட்டைவிரல் அளவில் தொடங்கி, ரோஜாவைத் தாண்டி, இப்போது தாமரைக்கு ஒரு பிடி குறைச்சலாக வந்து நின்றது. செடி மட்டும் மிஸ்ஸியம்மா கொடுத்த அளவிலேயே இருந்தது. பூவைப் பார்க்க வேண்டும் என்று யாராவது கேட்டால், பூத்திருக்கும் சமயத்தில் அதற்கு அந்நிய மூச்சு ஆகாது என்று சொல்லிவிடுவார்.

முந்தின நாள் சாயந்தரம் அவர் மேசையடியில் உட்கார்ந்து, பள்ளிக்கூடப் பரிசளிப்பு விழாவின் முடிவில் நன்றி சொல்லும் வந்தனோபசாரத்தை மனதுக்குள் தயார் செய்துகொண்டிருந்தார். வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகும் வந்தனோபசாரம் அவருடையதுதான். கட்டிலிலிருந்து சாரம்மாள் கூப்பிட்டாள்.

“ஏங்க.”

“என்ன?”

“பூத்திருக்கு. ஒரு நிமிசம் இங்கன வந்து பாருங்களேன்.”

“நாளைக்குப் பாக்கேன். காலை வெளிச்சம்தான் அதுக்குத் தோது.”

“சரி” என்றாள்.

ஒவ்வொரு ஆடியிலும் சாரல் காற்று தொடங்கியதும் அது பூக்கும். அவள் கூப்பிடுவாள், அவர் நாளைக்கு என்பார், அவள் சரி என்பாள். மறுநாள் அவர் போகவும் மாட்டார், அவள் திரும்பக் கூப்பிடவும் மாட்டாள். காப்பியைக் கொண்டுவந்து ஆற்றிக்கொண்டே, தனக்குத்தானே பேசுவதுபோல, பூ இந்த வருஷம் எப்படி இருக்கிறது என்று சொல்லிவிட்டுப் போவாள். அவர் காது கொடுக்காததுபோல இருப்பார். போன வருஷம், “கைப்பிள்ளை கொட்டாவி விடுத மாதிரி இருக்கு” என்றாள். அடுத்த வாரம் வாலிபர் சங்கத்தில் அவர் எழுந்து, தேவதூதன் சிறகு விரித்தாற்போல என்று வருணித்தார். கைதட்டினார்கள்.

இந்த வருஷம் அவள் கூப்பிட்டது மட்டும்தான் ஆயிற்று. எப்படி இருக்கிறது என்று சொல்லவில்லை. விடியுமுன் போய்விட்டாள்.

அவர் பட்டையைக் கொண்டுபோய் உள்ளே அரங்கில், பண்டம் வைக்கிற இருட்டறையில், அரிசிப் பானையின் மூடிமேல் வைத்தார். பிறகு அது வழுக்கும் என்று தோன்றி, தரையில் வைத்தார். பிறகு யாராவது மிதித்துவிடுவார்கள் என்று திரும்பவும் பானைமேல் வைத்தார்.

வெளியே முற்றத்தில் பிச்சைக்கண்ணு ஆசாரி பெட்டி செய்துகொண்டிருந்தான். இழைப்புளி ஓடுகிற சத்தம் வந்தது. குருவானவர் சாலமோன் ஐயர் வந்திருந்தார். அவர் பக்கத்தில் சபை மூப்பர் தானியேல், மூக்குக் கண்ணாடியும் கைத்தடியுமாக. ரிஜிஸ்தர் ஆபீசில் வேலை பார்த்து ஓய்ந்தவர். வாத்தியாருக்கு இளம்பிராயத்துச் சிநேகிதர். அதனால் இரக்கம் பார்க்க வேண்டிய கட்டாயம் அவருக்கு இல்லை.

ஐயர் ஜெபம் செய்தார். பிறகு தொண்டையைச் செருமினார்.

“வாத்தியாரே, சாயந்தரம் அடக்கத்துக்கு மிஸ்ஸியம்மாமார் எல்லாரும் வாறாங்க. எனக்கு ஒரு காரியம் தோணுது. அந்த ஆர்க்கிட்டு பூத்திருக்குன்னு சாலோமி சொல்லிச்சு. அதைப் பெட்டியில அம்மா கையில வச்சிருவோம். நானும் பிரசங்கத்துல அதைத் தொட்டு ரெண்டு வார்த்தை சொல்லுவேன்.”

ஐயர் எதையாவது தொட்டுச் சொல்கிற இரண்டு வார்த்தைக்குக் கோவிலில் குழந்தைகள் தூங்கி எழுந்துவிடும்.

“ரொம்பப் பொருத்தம்” என்றார் தானியேல். “ஆனா தாமரை அளவுன்னு சொல்லுவீரேவே. பெட்டி மூடுமான்னு ஒரு வார்த்தை கேட்டுக்கிடணும்.” முற்றத்துப் பக்கம் திரும்பினார். “ஏலே பிச்சைக்கண்ணு, பூவுக்கும் சேத்து அளவெடுத்தியா?”

“எந்தப் பூவு ஐயா?”

“சீமைப் பூவுலே. வாத்தியார் வீட்டுப் பூவு.”

பிச்சைக்கண்ணு இழைப்புளியை நிறுத்திவிட்டு யோசித்தான். “எம்புட்டு உசரம்னு சொன்னா மூடியைக் கொஞ்சம் தூக்கிப் போட்டுரலாம்” என்றான். அவன் விளையாட்டாகச் சொல்லவில்லை.

யாரோ சிரித்துவிட்டு, சாவு வீடு என்று நினைவு வந்து இருமினார்.

“பாத்துட்டு வாறேன்” என்று வாத்தியார் எழுந்தார்.

அரங்கில் வெளிச்சம் இல்லை. பட்டையை எடுத்துக்கொண்டு புறவாசல் வழியாகக் கிணற்றடிக்குப் போனார். யாரும் இல்லை என்று பார்த்துக்கொண்டு அதைக் கண்ணருகே கொண்டுவந்தார். பச்சையாக ஒரு புகை தெரிந்தது. கையை நீட்டித் தள்ளிப் பிடித்தார். பட்டை தெரிந்தது, இலைகளும் ஒருவாறு தெரிந்தன. பூ என்று ஒன்று இல்லை. தலையைப் பின்னுக்கு இழுத்தார். கையை இன்னும் நீட்டினார். மனிதனின் கை ஓரளவுக்குமேல் நீளாது.

கிட்டப் பார்வை அவருக்குப் போய் ரொம்ப நாளாகிவிட்டது. தானியேல் முதன்முதலாகக் கண்ணாடி மாட்டிக்கொண்டு கோவிலுக்கு வந்த ஞாயிற்றுக்கிழமை, “சப் ரிஜிஸ்தரார் மூஞ்சிக்கு ஜன்னல் வச்சிட்டு வந்திருக்காரு” என்று சொன்னவர் வாத்தியார். சபை முழுவதும் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தது. அதற்குப் பிறகு தன் முகத்துக்கு ஒரு ஜன்னல் வைத்துக்கொள்ள வழியில்லாமல் போயிற்று. கர்த்தர் தனக்குக் கழுகின் பார்வையைத் தந்திருக்கிறார் என்று சொல்லிக்கொண்டு நாளைக் கடத்தினார். கோவிலில் வேதபாடம் வாசிக்கிற முறை வரும்போதும் கஷ்டம் ஒன்றும் இருந்ததில்லை. முந்தின சனிக்கிழமை சாரம்மாள் அரிசி பொறுக்கிக்கொண்டே அதே அதிகாரத்தைச் சத்தமாக வாசிப்பாள். முடித்துவிட்டு மறுபடியும் வாசிப்பாள். அவருக்கு மனப்பாடமாகிவிடும். மறுநாள் பக்கத்தைப் புரட்டி வைத்துக்கொண்டு கணீர் என்று ஒப்பித்துவிடுவார். பக்தி மிகுந்த பெண் என்று அவளைப் பற்றி நினைத்திருந்தார்.

“வெயில்ல காட்டாதீய அண்ணாச்சி. மைனி பாத்தா வையும்.”

புறவாசல் கதவில் மைதீன் பாத்திமா நின்றாள். அடுத்த தெருவில் பாய்க்கடை வைத்திருக்கும் அகமது மீரானின் மனைவி. வாத்தியாரை அண்ணாச்சி என்பதால் சாரம்மாள் அவளுக்கு மைனி. வெள்ளைத் துப்பட்டியின் முனையால் வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள். சொன்னது காதில் விழுந்தபிறகுதான், வைவதற்கு மைனி இல்லை என்பது அவளுக்கு உறைத்திருக்க வேண்டும். கிணற்றுச் சுவரில் உட்கார்ந்து அழுதாள்.

வாத்தியார் முருங்கை நிழலுக்கு நகர்ந்தார். அவள் அழுது முடிக்கும்வரை பட்டையைப் பிடித்தபடி நின்றார்.

“பூவைப் பாக்கீயளா?” என்றாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு.

“ம்.”

“அது அடிப்பக்கம்லா இருக்கும்.” எழுந்து வந்து பட்டையைப் பைய சாய்த்தாள். “மேல பாத்தா எங்கன தெரியும். கீழே நூலு மாதிரி தொங்கும், நுனியில பூக்கும். இந்தா இருக்கு.”

அவர் பார்த்தார். பார்த்ததாகத் தலையை ஆட்டவும் செய்தார்.

“நீ முன்னாலயே பாத்திருக்கியா?”

“வருசா வருசம். பூத்த அன்னைக்கே ஆள் விட்டுரும். பால்காரி பாத்திருக்கா. வண்ணாத்தி பாத்திருக்கா. தானியேல் ஐயா வீட்டம்மா பாத்திருக்காவ. உங்க குருவானவர் வீட்டம்மா முதத் தடவை எள்ளுன்னு நெனச்சுத் தட்டிவிடப் போயிட்டாவ, மைனி கையைப் பிடிச்சிட்டு.”

“எள்ளா?”

“எள்ளு அம்புட்டுத்தான். இன்னும் சின்னதுன்னும் சொல்லலாம்.”

தாமரைக்கு ஒரு பிடி குறைச்சல் என்று தாம் சொன்ன ஒவ்வொரு இடமும் வாத்தியாருக்கு நினைவு வந்தது. தானியேல் அதை எங்கெங்கே உட்கார்ந்து கேட்டார் என்பதும் நினைவு வந்தது.

பாத்திமா அவர் முகத்தைப் பார்க்காமல் கிணற்றுக்குள் பார்த்துக்கொண்டு சொன்னாள்.

“உங்களுக்குத் தெரியாதுன்னு எனக்குத் தெரியும் அண்ணாச்சி. மைனி சொல்லிருக்கு.”

“என்னன்னு?”

“‘அவிய கண்ணுக்கு அது எட்டாது பாத்திமா. நான்தான் பாத்து, எதைப் போல இருக்குன்னு யோசிச்சு, போய்ச் சொல்லணும்’னு. செடிக்கு முன்னால அப்படியே உக்காந்திருக்கும். என்கிட்டயும் கேக்கும், இது என்ன மாதிரி இருக்கு சொல்லுட்டின்னு. எனக்கு என்ன வரும். கொட்டாவின்னு போன வருசம் நான்தான் சொன்னேன்.”

உள்ளே பெண்கள் பாட்டு எடுத்தார்கள். ஒரு அடி பாடி நின்று, மறுபடியும் எடுத்தார்கள்.

“இந்த வருசம் என்ன சொல்லிச்சு?” என்று கேட்டார். சாரம்மாளை அவர் அப்படி ‘சொல்லிச்சு’ என்று பேசியதில்லை. பாத்திமாவின் பேச்சு ஒட்டிக்கொண்டது.

“இந்த வருசம் நான் வரலைலா. பேரனுக்குக் கண் வலி. நேத்து ஆள் விட்டிச்சு, இன்னைக்கு வாறேன்னு சொல்லி அனுப்பிச்சிட்டேன்.” பட்டையின் பக்கம் குனிந்து, “நான் வேணா இப்பப் பாத்துச் சொல்லட்டுமா அண்ணாச்சி?” என்றாள்.

“வேண்டாம்.”

அவள் வற்புறுத்தவில்லை. அவர் விரலைப் பிடிக்காமல், பட்டையைத் திருப்பி விரல் நுனிக்குக் கீழே பூ வரும்படி பிடித்தாள். “இங்கனதான்” என்றாள். விரலில் ஒன்றும் படவில்லை. காற்றில் விரலை வைத்துக்கொண்டு அவர் கொஞ்ச நேரம் நின்றார்.

அவள் போன பிறகும், வெயில் சாயும்வரை அவர் கிணற்றடியிலேயே இருந்தார். “வாத்தியாரே” என்று உள்ளேயிருந்து தானியேல் கூப்பிட்டார். “பெட்டி வந்தாச்சு.”

நடுவீட்டில் சாரம்மாளைப் பெட்டியில் வைத்திருந்தார்கள். கறுப்புத் துணி போர்த்திய பெட்டி. அவள் தானே பின்னி வைத்திருந்த வெள்ளை லேஸை ஓரத்தில் அடித்திருந்தான் பிச்சைக்கண்ணு. கைகளைச் சேர்த்துவைத்து, விரல்களுக்கு நடுவில் இடம் விட்டிருந்தார்கள். ஐயர் பிரசங்கத்துக்கு ஏற்ற முகத்தோடு தலைமாட்டில் நின்றார். மிஸ்ஸியம்மாமார் இருவர் தொப்பியைக் கழற்றாமல் சுவரோரம் நாற்காலியில் இருந்தார்கள். வாத்தியார் பட்டையை ஏந்திக்கொண்டு வந்ததும் கூட்டம் வழிவிட்டது. பின்னால் நின்றவர்கள் எட்டிப் பார்த்தார்கள்.

சாலோமி தாயின் தையல் கத்திரியை எடுத்துவந்தாள். “குடுங்கப்பா. நான் வெட்டித் தாறேன்.”

அவர் கொடுக்கவில்லை. வெட்டி உள்ளே வைத்து மூடிவிட்டால், அது எப்படி இருந்தது என்று அவருக்குச் சொல்ல இனி ஒருவரும் இருக்கமாட்டார்கள் என்று தோன்றியது. யோசித்துப் பார்த்தால், வெட்டாவிட்டாலும் சொல்ல வேண்டியவள் பெட்டிக்குள்தான் இருக்கிறாள். அவர் அவ்வளவு தூரம் யோசிக்கவில்லை.

“பூக்கலை” என்றார்.

“பூத்திருக்குன்னு அம்மா...” என்று தொடங்கிய சாலோமி பட்டையைப் பார்த்தாள். நல்ல கண் அவளுக்கு. அதன் அடிப்பக்கத்தில் தொங்கியதையும் பார்த்தாள், அப்பாவையும் பார்த்தாள். பிறகு கத்திரியைச் சேலைக்குள் செருகிக்கொண்டாள்.

“இந்த வருசமாக்கும் பூக்கலை?” என்றார் தானியேல்.

“எந்த வருசமும் பூக்கலைவே” என்றார் வாத்தியார்.

நாற்பது வீட்டுக்குக் கேட்கும் குரல் அவருடையது. வந்தனோபசாரத்துக்குப் பழக்கிய குரல். பாட்டு நின்றுபோயிருந்தது. மிஸ்ஸியம்மா ஒருத்தி, என்ன சொன்னார் என்று பக்கத்தவளைக் கேட்டாள். அவள் தலையை அசைத்தாள்.

தானியேல் கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியால் துடைத்தார். அங்கவஸ்திரத்தால்தான் துடைப்பது அவர் வழக்கம். இந்த நாளுக்காக அவர் எத்தனையோ வருஷம் காத்திருந்தார். வீட்டுக்காரி வந்து எள்ளளவு என்று சொன்ன நாளிலிருந்து, எந்தச் சபையில் எந்த வார்த்தையால் இந்த மனிதனை மடக்குவது என்று தயார் செய்து வைத்திருந்தார். இப்போது மடக்குவதற்கு ஆள் இல்லை. வாத்தியார் தாமே தோற்றுப் படுத்துவிட்டார். தானியேல் கண்ணாடியைத் திரும்ப மாட்டிக்கொண்டு, “சரி வே, விடும். செடின்னா அப்படித்தான் இருக்கும்” என்றார்.

உண்மையில் சங்கடப்பட்டவர் ஐயர்தான். தயாராக வைத்திருந்த பிரசங்கத்திலிருந்து பூவை எடுத்துவிட்டால் மிச்சம் அதிகம் இல்லை. கோவில் வளாகத்திலிருந்து நந்தியாவட்டை பறித்துவரச் சொன்னார்கள். அதை அவள் விரல்களில் வைத்தார்கள். ஐயர் நந்தியாவட்டையைத் தொட்டு இரண்டு வார்த்தை சொன்னார்.

அடக்கத்துக்குப் போகும்போது ஆடிக்காற்று புழுதியை வாரிக் கண்ணில் கொட்டியது. மேற்கே மலைப்பக்கம் கறுத்திருந்தது. அங்கே மழை பெய்துகொண்டிருக்க வேண்டும். இங்கே தூறல்கூட இல்லை. கல்லறைத் தோட்டத்தில் எல்லாரும் ஒரு பிடி மண் போட்டார்கள். வாத்தியாரும் போட்டார். அவர் என்ன பேசுவார் என்று சிலர் எதிர்பார்த்தார்கள். இப்படிப்பட்ட இடங்களில் அவர் பேசாமல் விட்டது கிடையாது. அவர் கையைத் தட்டிவிட்டுக்கொண்டு நகர்ந்தார்.

கேட்டைத் தாண்டும்போது பின்னாலிருந்து ஒரு குரல், “ஏங்க” என்றது.

அவர் திரும்பிப் பார்த்தார்.

அவரை அல்ல. குடையை ஒரு கல்லறைமேல் மறந்துவிட்டுப் போகிற தன் புருஷனைக் கூப்பிட்டாள் ஒருத்தி. அந்த மனிதர், “என்னட்டி?” என்றார் எரிச்சலாக. நின்று திரும்பிப் போய் வாங்கிக்கொள்ளவும் இல்லை. அவள்தான் குடையை எடுத்துக்கொண்டு ஓடிவந்தாள். வாத்தியார் அவர்கள் இருவரும் தெருமுனை திரும்பும்வரை நின்று பார்த்தார்.

வீட்டுக்கு வந்தபோது பொழுது இறங்கிக்கொண்டிருந்தது. கட்டிலைத் திரும்பவும் படுக்கையறையில் போட்டு, மெத்தையைச் சுருட்டி வைத்திருந்தார்கள். சாலோமி பட்டைச் செடியை ஜன்னல் கம்பியில் பழைய இடத்தில் கட்டியிருந்தாள். அதற்குக் கீழே ஈர மணலும் அடுப்புக்கரித் துண்டுகளும் போட்ட தாம்பாளம் இருந்தது. சுவரோரம் தண்ணீர்ப் பானைகள். கோடைக்காலம் முழுவதும் செடி அந்தப் பானைகளுக்கு நடுவில்தான் கிடக்கும். பானையின் குளிர்ச்சி அதற்கு வேண்டும் என்பாள் சாரம்மாள். கிணற்றுத் தண்ணீர் உப்பு, அது ஆகாது என்று ஆற்றிலிருந்து தனியாக ஒரு பானை வரும். அந்த ஆற்றுத் தண்ணீர் தன் காப்பிக்குத்தான் வருகிறது என்று அவர் எண்ணியிருந்தார்.

பாத்திமா வீட்டிலிருந்து கருப்பட்டிக் காப்பி கொடுத்துவிட்டிருந்தார்கள். சாலோமி அதை டம்ளரில் ஊற்றி, ஆற்றினாள். வாத்தியார் கட்டிலின் மரச்சட்டத்தில் உட்கார்ந்து, ஆற்றுகிற கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஆற்றி முடித்து அவள் நீட்டினாள். அவர் வாங்காமல் கொஞ்சம் பொறுத்தார்.

“ஆறிரும்ப்பா.”

வாங்கிக் குடித்தார்.

“இனிப்புப் போதுமா?”

“போதும்.”

அவள் வேறு ஒன்றும் சொல்லவில்லை. டம்ளரை வாங்கிக்கொண்டு நின்றவள், ஜன்னலைப் பார்த்தாள்.

“இலை சுருங்கிருக்கு. காலையிலேர்ந்து ஒரு சொட்டுத் தண்ணி காட்டலைலா.”

வாத்தியார் எழுந்துபோய் அலமாரியைத் திறந்தார். உள்ளே பட்டுத் துணியில் சுற்றி ஒரு பித்தளைப் பீச்சாங்குழல் இருந்தது. செடிக்கென்று மதராஸிலிருந்து வரவழைத்தது. வருகிறவர்களுக்கெல்லாம் எடுத்துக் காட்டுவார்.

“அது வேண்டாம்ப்பா” என்றாள் சாலோமி. “அதுல பீச்சினா வேரே பேந்துரும். அம்மா அதைத் தொட்டதில்லை. வெளக்கி வெளக்கித் திரும்ப வச்சிருவா.”

“பொறவு எதுல ஊத்துவா?”

சாலோமி தயங்கினாள்.

“வாயில வச்சுத்தான். வண்ணான் துணி தேய்க்கும்போது ஊதுவாம்லா, அந்த மாதிரி. பனி மாதிரி விழும். நீங்க பாத்தா கௌரவக் குறைச்சல்னு வைவீயன்னு, நீங்க வெளிய போன நேரம் பாத்து ஊதுவா.” பானைப் பக்கம் திரும்பி, “நான் ஊதட்டுமா?” என்றாள்.

“நீ போய் விளக்கைப் பொருத்து. நான் பாத்துக்கிடுதேன்.”

“உங்களுக்கு வருமாப்பா?”

“போ.”

அவள் போனாள். நடுவீட்டில் தானியேலின் குரல் கேட்டது. இன்னும் சிலர் உட்கார்ந்திருந்தார்கள். வாத்தியார் கதவை ஒருக்களித்துச் சாத்தினார். ஆற்றுத் தண்ணீர்ப் பானையைத் திறந்து ஒரு டம்ளர் எடுத்தார். குளிர்ந்திருந்தது. ஜன்னலருகே போய், பட்டையை ஒரு கையால் சாய்த்து, அடிப்பக்கம் தன் முகத்துக்கு நேரே வரும்படி பிடித்தார். பச்சையாகப் புகைதான் தெரிந்தது. அதில் எங்கேயோ அது இருந்தது. எதைப் போல இருக்கலாம் என்று அவர் ஒன்றிரண்டு நினைத்துப் பார்த்தார். எல்லாம் சங்கத்தில் பேசுகிற வார்த்தைகளாகவே வந்தன.

ஒரு வாய் தண்ணீர் எடுத்து, கன்னத்தை உப்பவைத்து, ஊதினார்.

மேல்வரிசையில் முன்பற்கள் இரண்டு அவருக்கு இல்லை. மீசை இருந்ததால் வெளியே தெரியாது. தண்ணீர் செடியில் படவில்லை. தாடை வழியாக இறங்கிச் சட்டையைத்தான் நனைத்தது.